டேவிட் பிரகாமின் நாடக இசைப்பணி

இயலும் இசையும் நாடகமும் தனித்தனியே நின்று வளர்தலும் உண்டு. மூன்றும் ஒன்றினுள் ஒன்று கலந்து, பிரித்துக் காணவியலாத வடிவம் பெறுதலும் உண்டு. பின்னைய நிலையில் ஆராய்ச்சியாளர்க்கு ஓர் இடர்ப்பாடு நேர்கின்றது. நாடகம் எழுதியவர் பெயர் நூலில் நிற்கின்றது; நடித்தவர் புகழ் மக்கள் நாவில் நிற்கின்றது; இசையமைத்தவரோ பாட்டினுள்ளேயே கரைந்து விடுகின்றார். பாட்டு எத்துணைப் பரவுகின்றதோ அத்துணை அதனை ஆக்கியோன் பெயர் மறைதலும் உண்டு. இதற்குப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் அமெரிக்க நாடக உலகில் சிறந்த சான்றாக நிற்பவர் டேவிட் பிரகாம்.

'அமெரிக்காவின் ஆஃபன்பாக்' என்பது பிரகாமுக்கு வழங்கிய சிறப்புப் பெயர். பாரிசு நகரில் இசைநாடகங்கள் பல இயற்றிப் பெரும்புகழ் பெற்ற ஜாக் ஆஃபன்பாக் (1819–1880) என்பாரோடு ஒப்பிட்டு இட்ட பெயர் இது. 2003ஆம் ஆண்டில் ஜான் பிரான்செசினா என்பார் வெளியிட்ட பிரகாமின் வரலாற்று நூலும் இப்பெயரைத் தலைப்பில் தாங்கியுள்ளது. இச்சிறப்புப் பெயர் பிரகாமின் பணியை விளக்குகின்றதா, மறைக்கின்றதா என ஆராய்வதும், அவர் பாடல்கள் வாழ, அவர் பெயர் மறைய நேர்ந்த காரணத்தைக் காண்பதும் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இளமையும் குடியேற்றமும்

பிரகாம் 1830களில் இலண்டன் மாநகரில் பிறந்தார். இளமையில் ஹார்ப் என்னும் பெரிய நரம்புக் கருவியைப் பயின்றார் என்றும், ஒருகால் பயண வண்டியோட்டி அக்கருவியை வண்டியில் ஏற்ற மறுத்தமையால், எடுத்துச் செல்லுதற்கு எளிய வயலினுக்கு மாறினார் என்றும் ஒரு செய்தி வழங்குகின்றது. இது செவிவழிச் செய்தியே. எனினும், ஊர்தோறும் சென்று வாசித்துப் பிழைக்கும் இசைவாணரின் வாழ்க்கை எத்தகையது என்பதை இது நன்கு புலப்படுத்துகின்றது.

1856ஆம் ஆண்டில் அவர் நியூயார்க் நகரம் சேர்ந்தார். அங்கே அவர்க்கு முதலில் இடம் தந்தது 'மின்ஸ்ட்ரல்' என வழங்கிய ஆட்டக் குழு ஒன்று. வெள்ளையர் தம் முகத்திற் கரி பூசிக்கொண்டு, கறுப்பின மக்களைப் போல் பேசியும் பாடியும் ஆடியும் காட்டும் நகைச்சுவைக் கூத்து அது. 1840களில் தோன்றி நாடெங்கும் பரவியது. பின்னர்ப் பிரகாம் பல்சுவை அரங்குகளில் வயலின் வாசித்தும் இசைக்குழுவை நடத்தியும் வந்தார். பாட்டு, ஆட்டம், கழைக்கூத்து, சிறு நகைநாடகம் ஆகியவற்றை ஒன்றன்பின் ஒன்றாக ஒரே மாலையில் காட்டும் அரங்குகள் அவை. அங்கு இசைக்குழுத் தலைவர்க்கு ஓய்வென்பது இல்லை. புதிதாக வரும் பாடகரின் குரலளவை அறிதல் வேண்டும். ஆடுபவரின் அடிவைப்புக்கு ஏற்பத் தாளத்தை விரைவுபடுத்துதலும் தாழ்த்துதலும் வேண்டும். கூடியிருப்போர் எவ்விடத்தில் நகைப்பர், எவ்விடத்தில் சலிப்பர் என்று உணர்தலும் வேண்டும். பிரகாமுக்கு இவ்வரங்கமே கல்லூரியாயிற்று. இதனை மனத்திற் கொண்டாலன்றி அவருடைய பிற்காலப் பாடல்களின் இயல்பு விளங்காது.

ஹாரிகனும் ஹார்ட்டும்

பிரகாமின் பெயரோடு பிரிக்கலாகாத இருவர் எட்வர்டு ஹாரிகன், டோனி ஹார்ட் என்போர். ஹாரிகன் 1844ஆம் ஆண்டில் நியூயார்க்கில் அயர்லாந்து மரபினர் வாழும் பகுதியிற் பிறந்தவர். கப்பற் பலகைகளின் இடுக்குகளை அடைக்கும் தொழில் செய்து, பின்னர் நடிகரானவர். ஹார்ட் 1855ஆம் ஆண்டில் மாசச்சூசெட்சு மாநிலத்திற் பிறந்தவர். பெண் வேடம் தாங்குவதில் வல்லவர். இருவரும் 1871ஆம் ஆண்டில் சிகாகோவிற் கூடி, இரட்டை நடிகராயினர். 1870களின் தொடக்கத்தில் நியூயார்க்கில் 'தியேட்டர் காமிக்' என்னும் அரங்கில் அவர்கள் ஆடத் தொடங்கியபோது, ஹாரிகன் எழுதும் பாட்டுக்குப் பிரகாம் இசையமைக்கும் கூட்டு உருவாயிற்று. 1876ஆம் ஆண்டில் ஹாரிகன் பிரகாமின் மகள் ஆனியை மணந்தார். தொழிலால் இணைந்தோர் மாமனும் மருமகனும் ஆயினர்.

இவர்கள் பணி செய்த சூழலையும் ஈண்டுக் கருதுதல் வேண்டும். 1880ஆம் ஆண்டுக் கணக்கின்படி நியூயார்க் நகர மக்கள் தொகை ஏறத்தாழ 12 இலட்சம். அவருள் அயர்லாந்திற் பிறந்தோர் மட்டும் ஏறத்தாழ 2 இலட்சம். ஜெர்மானியர் தொகையும் பெரிது. பல குடிகள் நெருங்கி வாழும் அடுக்கு வீடுகளில் இம்மக்கள் கறுப்பின மக்களோடும் இத்தாலியரோடும் சீனரோடும் அடுத்தடுத்து வாழ்ந்தனர். இவர்கள்தாம் அரங்கினுள் அமர்ந்திருந்தோர். இவர்களே மேடைமீது காட்டப்பெற்றோரும் ஆவர். நாடக மாந்தரும் நாடகம் காண்போரும் ஒரே தெருவினராக அமைந்தமை இந்நாடகங்களின் தனிச்சிறப்பு.

மல்லிகன் காவற்படை

1873ஆம் ஆண்டில் சிகாகோவில் ஹாரிகனும் ஹார்ட்டும் 'மல்லிகன் காவற்படை' என்னும் சிறு நகைநாடகத்தை ஆடினர். அதன் உயிர்நிலை பிரகாம் இசையமைத்த அணிநடைப் பாட்டு. அக்காலத்தில் குடியேறிய மக்கள் தமக்குள் கூடிச் சிறு சிறு படைகள் அமைத்துக்கொள்வது வழக்கம். சீருடை அணிந்து, முரசு முழங்கத் தெருவில் நடந்து, ஊர்ப்புறத்திற்குச் சென்று குறிபார்த்துச் சுட்டு, உண்டு குடித்துத் திரும்புவர். அரசியல் தலைவர் ஒருவர் பெயரையோ கொடையளித்த வணிகர் பெயரையோ படைக்கு இடுவர். நாடு காக்கும் தொழில் அவர்க்கு இல்லை. பெருமிதம் மட்டும் படைத்தலைவனது பெருமிதமாக இருக்கும். இதனை எள்ளுவதே அந்நகைநாடகம்.

எள்ளல் சொல்லில் உள்ளது; நடிப்பில் உள்ளது. பிரகாமின் இசையிலோ எள்ளல் இல்லை. அவர் அமைத்தது மெய்யான படைநடை இசை. கேட்போர் கால்கள் தாமே அசையுமாறு அமைந்தது. சொல் ஒரு புறம் இழுக்க, இசை ஒரு புறம் இழுக்கின்றது. பொருந்தாச் சீருடையணிந்த ஏழைமகன், இசை ஒலிக்கும் அளவில் உண்மை வீரனாகவே தோன்றுகின்றான். நகையினூடே அம்மகன்பால் அன்பு பிறப்பதற்கு இம்முரணே காரணம். பாட்டு நகரெங்கும் பரவியது. நகைநாடகம் படிப்படியே வளர்ந்து, டான் மல்லிகன் என்னும் அயர்லாந்து மளிகைக் கடைக்காரனையும் அவன் குடும்பத்தையும் நடுவாகக் கொண்ட முழுநீள நாடகத் தொடராயிற்று.

1879ஆம் ஆண்டு: இருவகை இசைநாடகம்

1879 ஜனவரி 13ஆம் நாள் 'மல்லிகன் காவற்படையின் ஆடல் விழா' அரங்கேறியது. டான் மல்லிகனின் மகன் டாமி, ஜெர்மானிய இறைச்சிக் கடைக்காரர் லாக்மல்லரின் மகளை மணக்க விரும்புகின்றான், பெற்றோர் இசையவில்லை. மல்லிகன் படையினர் விழாவுக்கென அமர்த்திய மண்டபத்தையே, அதே இரவுக்குக் கறுப்பினத்தாரின் 'ஸ்கிட்மோர்' படையினரும் அமர்த்தியிருக்கின்றனர். பூசல் தீர ஸ்கிட்மோர் படையினரை மேல்தளத்திற்கு அனுப்புகின்றனர். அவர்கள் ஆடும் ஆட்டத்தில் தளம் இடிந்து, கீழே ஆடுவோர்மேல் அனைவரும் வீழ்கின்றனர். கதை இவ்வளவே. ஆயினும் நாடகம் 100 முறைக்கு மேல் தொடர்ந்து நடைபெற்றது.

இதற்கு இரண்டு நாள் கழித்து, ஜனவரி 15ஆம் நாள், ஆங்கில நாட்டுக் கில்பர்ட், சல்லிவன் என்போர் இயற்றிய 'பினஃபோர்' என்னும் இசைநாடகம் அதே நகரில் அரங்கேறியது. அயல்நாட்டு ஆசிரியர்க்கு உரிமை காக்கும் சட்டம் அமெரிக்காவில் 1891 வரை இன்மையின், அது பல குழுவினரால் உரிமையின்றியே ஆடப்பெற்று, நாடெங்கும் பெருவேட்கையை உண்டாக்கிற்று. ஒரே கிழமையில் ஒரே நகரில் தோன்றிய இவ்விரண்டையும் ஒப்பிட்டு நோக்கின், பிரகாம் சென்ற வழி தெளிவாகும். 'பினஃபோர்' இசையால் தொடுக்கப்பெற்ற நாடகம். குழுப்பாட்டும் உரையாடற்பாட்டும் கதையை நடத்திச் செல்லும். பிரகாமின் நாடகமோ பேச்சால் நடப்பது. ஒரு சில பாடல்களே அதனிடையே வரும். முன்னது பயின்ற குரலை வேண்டுவது. பின்னதைப் பாடியவர் நடிகர்.

இவ்வேறுபாடு ஆஃபன்பாக் ஒப்புமைக்கும் பொருந்தும். 1867ஆம் ஆண்டு முதல் ஆஃபன்பாக்கின் நாடகங்கள் நியூயார்க்கில் பெருவழக்காயின. 1876ஆம் ஆண்டில் அவரே அமெரிக்கா வந்தார். ஆதலின், தம் நாட்டு இசைஞரைப் புகழ விரும்பியோர்க்கு அவர் பெயரே அளவுகோலாயிற்று. ஆனால் ஆஃபன்பாக் பழங்கதைக் கடவுளரையும் அரசரையும் எள்ளிப் பெருங்குழு இசை அமைத்தவர். பிரகாம் மளிகைக் கடைக்காரனுக்கும் சலவைப் பெண்ணுக்கும் பாட்டமைத்தவர். இருவர்க்கும் பொதுவானது நகைச்சுவையும் மக்கள் விருப்பமுமே. 'அமெரிக்காவின் ஆஃபன்பாக்' என்னும் பெயர், பிரகாம் எய்திய புகழின் அளவைக் கூறுகின்றதேயன்றி, அவர் கலையின் இயல்பைக் கூறுவதன்று.

பாட்டின் அமைப்பு

பிரகாமின் பாடல்கள் பெரும்பாலும் இரு பகுதியின. முதற்பகுதி கதை கூறுவது. கண்ணிதோறும் சொல் மாறும். அடுத்தது மீள மீள வரும் பகுதி. நம் கீர்த்தனையில் பல்லவி முதற்கண் நிற்கும். இவற்றில் அது கண்ணியின் பின்னே வரும். ஒருவர் கண்ணியைப் பாட, மேடையில் உள்ளோர் அனைவரும் பல்லவியில் கூடுவர். இரண்டாம் முறை பல்லவி எழும்போதே அரங்கினரும் அதனை அறிந்து கொள்வர். பரந்த குரலெல்லையை அவர் நாடவில்லை. அணிநடை, வால்ட்சு, போல்கா, அயர்லாந்துக் கூத்து என மக்கள் முன்னரே அறிந்த தாள நடைகளையே எடுத்துக்கொண்டார்.

'எங்கள் தெருக் குழந்தைகள்' என்னும் பாட்டு இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. அடுக்கு வீடுகளில் வாழும் குடும்பங்களின் பெயர்களை வரிசையாக அடுக்குவதே அதன் பொருள். அதன் நடுவே, சிறுமியர் தெருவிற் கூடி ஆடும் 'லிட்டில் சாலி வாட்டர்ஸ்' என்னும் விளையாட்டுப் பாட்டைப் பிணைத்துள்ளனர். தெருவிலிருந்து மேடைக்கு வந்த இசை, மேடையிலிருந்து மீண்டும் தெருவிற்கே சென்றது. 1882ஆம் ஆண்டில் தோன்றிய 'மக்நாலியின் குடியிருப்பு வரிசை' என்னும் பாட்டு, பல நாட்டார் ஒரே கூரையின்கீழ் நெருங்கி வாழும் நிலையை விவிலியத்துப் பாபேல் கோபுரத்தோடு ஒப்பிட்டு நகைக்கின்றது.

நகைச்சுவையே அன்றி அவலச்சுவையும் இவர்க்குக் கைவந்தது. 1883ஆம் ஆண்டில் அரங்கேறிய 'கார்டீலியாவின் ஆசைகள்' என்னும் நாடகத்தில், டான் மல்லிகனின் மனைவி கார்டீலியா உயர்குடியினர் வாழும் பகுதிக்குக் குடிபோக விரும்பிப் பழைய வீட்டுப் பொருள்களை ஏலத்தில் விடுகின்றாள். டான் எல்லாவற்றையும் இழக்க இசைகின்றான். தந்தை வேலைக்கு நண்பகல் உணவு எடுத்துச் சென்ற தகரத் தூக்கை மட்டும் விட மனம் ஒவ்வாது நிற்கின்றான். 'என் தந்தையின் சோற்றுத் தூக்கு' என்னும் பாட்டு அவ்விடத்தில் எழுகின்றது. உழைத்து உண்டவரின் மக்கள், செல்வம் வந்தபின் தம் பழைமையை நாணுவதா, போற்றுவதா என்பதே அந்நாடகத்தின் உள்ளுறை வினா. அவ்வினா அரங்கில் அமர்ந்திருந்தோர் பலர்க்கும் உரிய வினாவாகும்.

கரி பூசிய முகங்கள்

பிரகாமின் பணியை மதிப்பிடுவோர் ஒன்றை மறைத்துச் செல்லலாகாது. ஹாரிகனின் நாடகங்களில் கறுப்பின மாந்தர் பலர் வருகின்றனர். அவரெல்லாம் முகத்திற் கரி பூசிய வெள்ளை நடிகரே. ரெபெக்கா என்னும் கறுப்பினப் பணிப்பெண்ணாக நடித்துப் புகழ் பெற்றவர் டோனி ஹார்ட். அயர்லாந்தாரையும் ஜெர்மானியரையும் கறுப்பினத்தாரையும் நாடகம் ஒருங்கே எள்ளியது உண்மை. ஆனால் எள்ளப்பட்ட அயர்லாந்தார் மேடையிலும் அரங்கிலும் நிறைந்திருந்து தம்மைத் தாமே நகைத்தனர். கறுப்பினத்தார்க்கோ தம் வேடத்தைத் தாம் தாங்கும் உரிமையும் அங்கு இல்லை. எனவே இரண்டு நகைப்பும் ஒரு தன்மையன அல்ல. 'ஸ்கிட்மோர் ஆடல் விழா' போன்ற பாடல்களின் இசை எழுச்சியுடையது. அவற்றின் சொற்கள் இன்று பாடத்தக்கன அல்ல. மின்ஸ்ட்ரல் அரங்கிற் பயின்ற பயிற்சி பிரகாமுக்குத் தாள நயத்தைத் தந்தது. அவ்வரங்கின் குறையையும் அதனுடன் தந்தது. இவ்விரண்டையும் ஒருங்கே கூறுவதே நடுநிலை ஆராய்ச்சியாகும்.

உயர்வும் தேய்வும்

1881ஆம் ஆண்டில் பிராட்வே வீதியில் புதிய 'தியேட்டர் காமிக்' திறக்கப்பட்டது. மூன்றாண்டே அது நிலைத்தது. 1884 டிசம்பர் 23ஆம் நாள் தீ அதனை அழித்தது. அடுத்த ஆண்டில் ஹாரிகனும் ஹார்ட்டும் பிரிந்தனர். ஹார்ட் நோயுற்று 1891ஆம் ஆண்டில் 36 வயதில் இறந்தார். கூட்டு முறிந்த பின்னும் பிரகாம் ஹாரிகனோடு நின்றார். 1886ஆம் ஆண்டில் வில்லியம் டீன் ஹவல்சு என்னும் பெருந்திறனாய்வாளர் ஹாரிகனின் நாடகங்களை வெகுவாகப் பாராட்டி எழுதினார். 1890 டிசம்பரில் ஹாரிகனின் பெயரால் எழுந்த புதிய அரங்கு, 'ரெய்லியும் நானூற்றுவரும்' என்னும் நாடகத்தோடு தொடங்கிற்று. அதில் இடம்பெற்ற 'மேகி மர்பியின் வீடு' நாடெங்கும் பாடப்பெற்றது. உழைக்கும் இளையோர் ஞாயிற்றுக்கிழமை மாலையில் ஓர் எளிய வீட்டில் கூடி மகிழ்வதே அதன் பொருள்.

அதன்பின் தேய்வு தொடங்கிற்று. 1891ஆம் ஆண்டில் நியூயார்க்கில் அரங்கேறிய 'சைனா டவுனுக்கு ஒரு பயணம்' என்னும் நாடகம் 657 முறை நடைபெற்றது. மக்கள் சுவை வேறு வழியில் திரும்பியதற்கு அது அடையாளம். குடியேறினோரின் மக்கள் அடுக்கு வீடுகளை விட்டு வேறிடம் சென்றனர். ஹாரிகன் எழுதிய தெருவே மாறிப் போயிற்று. ஒரு தெருவுக்கென்று பிறந்த கலைக்கு அத்தெரு கலைந்தபின் வாழ்விடம் ஏது? 1896ஆம் ஆண்டோடு இவ்விருவரின் கூட்டுப்பணி முடிவுற்றது. பிரகாம் 1905 ஏப்ரல் 11ஆம் நாள் நியூயார்க்கில் இறந்தார். ஹாரிகன் 1911ஆம் ஆண்டு வரை வாழ்ந்தார்.

பாட்டும் பெயரும்

பிரகாமின் பாடல்கள் அவரினும் நெடிது வாழ்ந்தன. 1901ஆம் ஆண்டில் ருட்யார்டு கிப்ளிங் வெளியிட்ட 'கிம்' என்னும் நாவல் இந்தியாவைக் களமாகக் கொண்டது. அதில் வரும் அயர்லாந்துப் படைப்பிரிவின் அணிநடையோடு 'மல்லிகன் காவற்படை'ப் பாட்டு ஒலிக்கின்றது. போலிப் படையை எள்ளப் பிறந்த பாட்டு, கடல் கடந்து, கதையில் மெய்ப்படையின் பாட்டாயிற்று. எள்ளல் உதிர்ந்தது, இசை நின்றது. பிரகாம் அமைத்தது மெய்யான படைநடை என்று முன்னர்க் கூறியதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை. புரூக்ளின் பாலத்தின்மீது ஞாயிற்றுக்கிழமை உலவும் காதலரைப் பாடும் 'என்னருகில் டேனி' என்னும் பாட்டு 1891ஆம் ஆண்டினது. 1933ஆம் ஆண்டில் அப்பாலத்தின் பொன்விழா நடந்தபோது, நியூயார்க் மாநிலத்தின் முன்னாள் ஆளுநர் ஆல்பிரட் ஸ்மித் அதனைப் பாடினார்.

பெயரின் நிலை வேறு. 1907ஆம் ஆண்டில் ஜார்ஜ் கோகன் என்னும் நாடக இசைஞர் 'ஹாரிகன்' என்னும் தலைப்பிலேயே ஒரு பாட்டு இயற்றி, மூத்தோர்க்கு வணக்கம் செலுத்தினார். 1985ஆம் ஆண்டில் பிராட்வேயில் இவர்கள் வரலாறு இசைநாடகமாக நடிக்கப்பெற்றபோது, அதன் தலைப்பில் நின்றவை ஹாரிகன், ஹார்ட் என்னும் இரு பெயர்களே. அச்சிட்ட பாட்டுத் தாள்களில் இசை வகுத்தவர் 'டேவ் பிரகாம்' என்று தெளிவாகவே குறித்திருந்தனர். எனவே அவர் பெயர் மறைக்கப்பட்டது எனக் கூறுவதற்கில்லை. பாடுவோர்க்கு அது வேண்டப்படாதாயிற்று என்பதே பொருந்தும். மேடையில் தோன்றிய முகங்கள் மக்கள் நினைவில் நின்றன. மேடைக்கு முன்னே, மக்கட்கு முதுகு காட்டி அமர்ந்திருந்தவர் முகம் நிற்கவில்லை.

1997ஆம் ஆண்டில் ஜான் ஃபின்சன் என்னும் அறிஞர், ஹாரிகனும் பிரகாமும் 1873 முதல் 1896 வரை இயற்றிய பாடல்களைத் தொகுத்து இசைக் குறியீட்டுடன் பதிப்பித்தார். அதில் இருவர் பெயரும் ஒருங்கே நிற்கின்றன. பாட்டைச் சொல்லாகவும் இசையாகவும் சேர்த்துப் பதிப்பித்தமையால்தான் இது கைகூடியது. நாடகப் பாடல்களின் சொற்களை மட்டும் தொகுத்து, மெட்டைக் கைவிடும் பதிப்புகள் படைப்பாளிகளுள் ஒருவரைக் கைவிடும் பதிப்புகளாகும்.

முடிவுரை

இதுகாறும் கூறியவற்றால் பெறப்படுவன மூன்று. பிரகாமின் இசை, தனித்து நின்று புகழ் தேடாது, நடிகர் குரலுக்கும் மக்கள் செவிக்கும் அளந்து அமைத்த பணியிசை. ஆஃபன்பாக்கோடு ஒப்பிடும் அளவுகோல் அதற்குப் பொருந்துவதன்று. அவ்விசை ஏழைமக்கள் தம்மைத் தாமே நகைக்கவும் மதிக்கவும் இடந்தந்தது. அம்மதிப்பைக் கறுப்பின மக்கட்கு அளிக்கத் தவறியது. இசைநாடகத்தை ஆராய்வோர், எழுதியவர் யார், நடித்தவர் யார் என வினவுவதோடு அமையாது, அரங்கின்முன் அமர்ந்து வாசித்தவர் யார் என்றும் வினவுதல் வேண்டும். மூன்றாம் வினாவைக் கேளாது விடின், மல்லிகனின் படை ஏன் நம்மை நகைக்கச் செய்தது என்று கூறலாம். ஏன் அதனோடு நம் கால்களும் நடந்தன என்று கூறுதல் இயலாது.